புதுச்சேரியில் மதுபோதை வாகனக் குற்றமும் சோதனைச் சான்றும்: ஒரு சட்ட வரலாற்று நோக்கு

ஆய்வுச் சுருக்கம்

மது அருந்தி வாகனம் ஓட்டியதாகக் குற்றம் சாட்டப்பட்டவர் அக்குற்றச்சாட்டை எதிர்கொள்ளும் முறை, போதையை நீதிமன்றம் எதைக் கொண்டு அறிகிறது என்பதைப் பொறுத்தது. மூச்சின் நெடி, நடையின் தள்ளாட்டம் ஆகிய புலனறிவுச் சான்றுகளில் தொடங்கி, இரத்தக் குப்பி, மூச்சுப் பகுப்பாய்வுக் கருவி காட்டும் எண் எனச் சான்றின் வடிவம் மாறி வந்துள்ளது. பிரெஞ்சுச் சட்ட மரபிலிருந்து இந்தியச் சட்ட மரபுக்குள் வந்த புதுச்சேரியின் பின்புலத்தில் இம்மாற்றத்தை இக்கட்டுரை ஆராய்கிறது. மோட்டார் வாகனச் சட்டத்தின் 202 முதல் 205 வரையிலான பிரிவுகள் விதிக்கும் நடைமுறைகள் குற்றவாளி தப்பிக்கும் சந்துகள் அல்ல, சான்றுக்கு நம்பகத்தன்மை அளிக்கும் நிபந்தனைகளே என்பது இக்கட்டுரையின் முடிபு.

திறவுச்சொற்கள்: புதுச்சேரி, பிரெஞ்சிந்தியா, மதுவிலக்கு, மோட்டார் வாகனச் சட்டம், மூச்சுச் சோதனை, இரத்த மாதிரி, சான்று ஏற்புடைமை.

முன்னுரை

தமிழகத்தின் மது வரலாறு குறித்த ஆய்வுகள் பெரும்பாலும் மதுவிலக்கு அரசியலையும் அரசின் வருவாயையும் மையப்படுத்துகின்றன. அருந்தியவரின் உடல் எவ்வாறு நீதிமன்றச் சான்றாக மாற்றப்பட்டது என்ற வினா அவற்றுள் அதிகம் இடம்பெறவில்லை. இவ்வினாவை எழுப்புவதற்குப் புதுச்சேரி பொருத்தமான களம். ஏறத்தாழ ஒன்றரை நூற்றாண்டுக் காலம் பிரெஞ்சுச் சட்டத் தொகுப்புகளின்கீழ் இருந்த ஊர் அது. மதுவிலக்கு நடைமுறையில் இருந்த சென்னை மாகாணத்தின் நடுவே மது தடைசெய்யப்படாத நிலப்பரப்பாக நீடித்ததும் அவ்வூரே. இன்றும் சுற்றுலாவும் மது விற்பனையும் இணைந்து வளரும் நகரமாதலால், சாலையில் நிறுத்தப்பட்டு மூச்சை ஊதிக் காட்டுமாறு கேட்கப்படும் அனுபவம் உள்ளூர்வாசிக்கும் வெளியூர்ப் பயணிக்கும் பொதுவானது.

இதில் இருதரப்பு நலன்கள் மோதுகின்றன. போதையில் ஓட்டுபவரால் உயிரிழக்கும் வழிப்போக்கரின் உரிமை ஒருபுறம். பழுதுபட்ட கருவியாலோ பிழையான நடைமுறையாலோ உரிமத்தையும் பிழைப்பையும் இழக்கக்கூடிய ஓட்டுநரின் உரிமை மறுபுறம். இவ்விரண்டையும் ஒருசேரக் காக்கும் வழி எது என்பதைச் சட்ட வரலாற்றின் வழியே காண இக்கட்டுரை முயல்கிறது.

பிரெஞ்சு மரபும் எல்லையோர மதுவும்

1819 ஜனவரி 6ஆம் நாளிட்ட ஆணையின் வழி பிரெஞ்சுச் சட்டத் தொகுப்புகள் புதுச்சேரியில் நடைமுறைக்கு வந்தன. பிரெஞ்சுக் குற்றவியல் மரபில் சான்றை மதிப்பிடுவதற்கு இரண்டு கூறுகள் முதன்மையானவை. ஒன்று, சான்றுகளை எடைபோட்டு மனச்சான்றின்படி உறுதிகொள்ளும் உரிமை நீதிபதிக்கு உண்டு. மற்றொன்று, சிறு குற்றங்களில் காவல் அலுவலர் எழுதும் அறிக்கை, மாறாக மெய்ப்பிக்கப்படும் வரை உண்மையெனக் கொள்ளப்படும். 1873 ஜனவரி 23ஆம் நாள் பிரான்சு இயற்றிய பொதுவிடக் குடிபோதைத் தடுப்புச் சட்டமும் 'வெளிப்படையான போதை' என்ற கருத்தையே அடிப்படையாகக் கொண்டது. போதை கண்ணுக்குப் புலப்படுவது, அதைக் கண்ட அலுவலரின் எழுத்தே சான்று என்பது அதன் உட்கிடை. இத்தகைய அமைப்பில் எதிர்வாதத்தின் சுமை பெரிதும் குற்றம் சாட்டப்பட்டவர் மீதே விழுகிறது.

இதே காலத்தில் எல்லைக்கு அப்பால் வேறொரு சட்டம் உருவானது. 1937 அக்டோபர் 1ஆம் நாள் சேலம் மாவட்டத்தில் தொடங்கிய மதுவிலக்கு, 1948 அக்டோபர் 2ஆம் நாளிலிருந்து சென்னை மாகாணம் முழுவதற்கும் விரிவுபடுத்தப்பட்டது. புதுச்சேரியின் கொம்யூன்கள் தென்னார்க்காட்டு ஊர்களோடு பின்னிக் கிடந்தவை. ஒரே சாலையில் செல்பவர் சில கல் தொலைவுக்குள் பிரெஞ்சு எல்லையையும் இந்திய எல்லையையும் மாறிமாறிக் கடக்க நேர்ந்தது. பிரெஞ்சுப் பகுதியில் தடையின்றி அருந்திய மது, எல்லை தாண்டியதும் குற்றச் சான்றாக மாறியது. புட்டியைத் தூக்கி எறிந்துவிடலாம். மூச்சில் கலந்த நெடியை எறிய இயலாது. வாகனக் குற்றத்துக்கான சோதனைகள் வருவதற்கு முன்பே, மூச்சு சட்டத்தின் பார்வைக்கு உட்பட்டுவிட்டதை இந்நிலை காட்டுகிறது.

1954: நெடி சான்றாகுமா?

1954 நவம்பர் 1ஆம் நாள் புதுச்சேரியின் நிர்வாகம் இந்தியாவிடம் ஒப்படைக்கப்பட்டது. அதற்குச் சில வாரங்களுக்கு முன், அவ்வாண்டு செப்டம்பரில், பெஹ்ராம் குர்ஷித் பெசிக்காக்கா எதிர் பம்பாய் மாநிலம் என்ற வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 1951இல் பம்பாயில் ஜீப் ஒன்று வழிப்போக்கர்கள் மீது மோதியது. அதை ஓட்டியவர் பம்பாய் வட்டாரப் போக்குவரத்து அலுவலராகப் பொறுப்பு வகித்தவர். அவருடைய மூச்சில் மது நெடி இருந்ததாக மருத்துவர் குறித்தார். நேர்கோட்டில் நடக்க முடிந்ததும் பேச்சுத் தெளிவாக இருந்ததும் அதே மருத்துவச் சான்றில் இடம்பெற்றிருந்தன. மது கலந்த சத்து மருந்தொன்றைத் தாம் உட்கொண்டதாக அவர் வாதிட்டார்.

மதுவிலக்குச் சட்டத்தின் கீழான அவருடைய தண்டனையை உச்ச நீதிமன்றம் பெரும்பான்மைத் தீர்ப்பால் நீக்கியது. மருந்து வடிவிலான மதுவுக்குத் தடை செல்லாது என முன்னரே முடிவாகியிருந்ததால், தடைசெய்யப்பட்ட மதுவையே அவர் அருந்தினார் என்பதை மெய்ப்பிக்கும் சுமை அரசுத் தரப்புக்கு உரியது என்பது அத்தீர்ப்பின் சாரம். நெடி மதுவின் இருப்பைக் காட்டலாம். அதன் வகையையோ அளவையோ ஓட்டும் திறன் மீதான அதன் விளைவையோ காட்டாது என்ற பிற்கால வாதங்களுக்கு இவ்வழக்கு ஒரு தோற்றுவாய்.

அறிவியலும் இதே காலத்தில் வேறு திசையில் நகர்ந்தது. சுவீடன் நாட்டு அறிஞர் விட்மார்க், இரத்தத்தில் மதுவின் அளவு ஏறி இறங்கும் முறையை 20ஆம் நூற்றாண்டின் முற்பகுதியிலேயே விளக்கியிருந்தார். நார்வே 1936இல் இரத்த மது வரம்பைச் சட்டத்தில் சேர்த்தது. அமெரிக்காவின் இண்டியானாவில் ராபர்ட் போர்க்கென்ஸ்டைன் 1954இல் 'ப்ரெதலைசர்' என்னும் மூச்சளவுக் கருவியை உருவாக்கினார். பிரான்சு 1954 ஏப்ரல் 15ஆம் நாளிட்ட சட்டத்தின் வழி விபத்துகளில் இரத்தச் சோதனைக்கு இடமளித்தது. 1970 ஜூலை 9ஆம் நாளிட்ட சட்டத்தால் லிட்டர் இரத்தத்துக்கு 0.80 கிராம் என்ற வரம்பையும் விதித்தது. அதற்குள் புதுச்சேரி அம்மரபிலிருந்து விலகிவிட்டது.

இந்தியச் சட்டத்தின் வருகை

1962 ஆகஸ்ட் 16ஆம் நாள் ஒப்படைப்பு உடன்படிக்கை சட்டமுறைப்படி நிறைவுற்றது. அவ்வாண்டின் புதுச்சேரி நிர்வாகச் சட்டத்தால் சென்னை உயர்நீதிமன்றத்தின் அதிகார வரம்பு புதுச்சேரிக்கும் விரிந்தது. 1963இன் ஒழுங்குமுறையும் 1968இன் நீட்டிப்புச் சட்டமும் இந்தியச் சட்டங்களைப் படிப்படியாகக் கொண்டுவந்தன. இதன் விளைவு வெறும் பெயர் மாற்றமன்று. காவல் அலுவலரின் எழுத்துக்கு முன்னுரிமை அளித்த மரபின் இடத்தில், ஒவ்வொரு கூற்றையும் சாட்சிக் கூண்டில் குறுக்கு விசாரணைக்கு உட்படுத்தும் மரபு வந்தது. குற்றத்தை ஐயத்துக்கு இடமின்றி மெய்ப்பிக்கும் சுமை முழுவதும் அரசுத் தரப்புக்கு உரியதாயிற்று.

1939ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டத்தின் 117ஆம் பிரிவு, வாகனத்தை உரிய கட்டுப்பாட்டில் வைத்திருக்க இயலாத அளவுக்குப் போதையில் இருப்பதைக் குற்றமாக்கியது. அங்கே கேள்வி மதுவின் அளவு பற்றியதன்று, ஓட்டுநரின் திறன் பற்றியது. எனவே மருத்துவரின் கூர்நோக்கே முதன்மைச் சான்றாக விளங்கியது. அதன் போதாமையை 1971இல் பச்சுபாய் ஹசனலி கர்யானி வழக்கு வெளிப்படுத்தியது. மூச்சில் நெடி, நடையில் தள்ளாட்டம், பேச்சில் குழறல், விரிந்த கண்பாவை ஆகிய நான்கும் குறிக்கப்பட்டிருந்தும், இரத்தமோ சிறுநீரோ சோதிக்கப்படாத நிலையில் அவர் போதையில் இருந்தார் என உறுதியாக முடிவுசெய்ய இயலாது என உச்ச நீதிமன்றம் கருதியது. விபத்தின் அதிர்ச்சிக்கு உள்ளான ஒருவரிடம் இவ்வடையாளங்களுள் சில மதுவின்றியும் தோன்றக்கூடும் என்பதை எண்ணினால், அத்தீர்ப்பின் எச்சரிக்கை விளங்கும்.

குப்பியின் பயணம்

ஆய்வகச் சோதனை வந்ததும் எதிர்வாதத்தின் களம் ஓட்டுநரின் உடலிலிருந்து கண்ணாடிக் குப்பிக்கு மாறியது. இதற்கு முன்னோடி 1963இன் உகா கோல்ஹே எதிர் மகாராட்டிர மாநிலம் வழக்கு. துலியாவில் வாகன விபத்தொன்றில் சிக்கிய ஓட்டுநரின் இரத்தம் மருத்துவமனையில் எடுக்கப்பட்டது. மதுவிலக்குச் சட்டம் வகுத்த தனி நடைமுறையின்படி அது எடுக்கப்படவில்லை. அந்நடைமுறைக்கு வெளியே கிடைத்த சான்று அந்தக் காரணத்தாலேயே தள்ளத்தக்கதன்று என நீதிமன்றம் கூறியது. ஆயினும் அதன் மதிப்பு, குப்பி யாரிடம், எந்நிலையில், எத்தனை நாள் இருந்தது என்பதைப் பொறுத்தது என்பதையும் வலியுறுத்தியது. சான்று நீதிமன்றத்துக்குள் நுழையும் தகுதி வேறு. நுழைந்த பின் அது பெறும் எடை வேறு. இந்த வேறுபாடே இன்றைய எதிர்வாதங்களின் அடித்தளம்.

அறிவியல் காரணங்கள் இதற்குத் துணைநிற்கின்றன. ஊசி குத்துமிடத்தைச் சாராவி கலந்த பஞ்சால் துடைத்தால் மாதிரியின் தூய்மை கேள்விக்குரியதாகும். நுண்ணுயிரிகளைத் தடுக்கச் சோடியம் ஃபுளோரைடும் உறைவதைத் தடுக்கப் பொட்டாசியம் ஆக்சலேட்டும் சேர்க்கப்பட வேண்டும். இவை சேர்க்கப்படாமல் வெப்பத்தில் கிடக்கும் இரத்தத்தில் நொதித்தலால் மது புதிதாக உண்டாகலாம். மூடி தளர்ந்திருந்தால் இருந்த மதுவும் ஆவியாகலாம். முதலாவது ஓட்டுநருக்குப் பாதகம், இரண்டாவது அரசுத் தரப்புக்குப் பாதகம். கடலோர வெப்பம் மிகுந்த புதுச்சேரி போன்ற ஊரில் குளிர்பதனமும் முத்திரையும் பதிவேட்டுக் குறிப்பும் வெறும் சடங்குகள் ஆகா. நடிகர் சல்மான் கானுக்கு எதிரான வழக்கில் 2015 டிசம்பர் 10ஆம் நாள் மும்பை உயர்நீதிமன்றம் விடுதலைத் தீர்ப்பு வழங்கியபோது, இரத்த மாதிரி கையாளப்பட்ட விதத்தில் இருந்த குறைகளும் அதன் காரணங்களுள் இடம்பெற்றன.

எண்ணாக மாறிய போதை

1988ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டம் 1989 ஜூலை 1ஆம் நாள் நடைமுறைக்கு வந்தது. அதன் 185ஆம் பிரிவு முதலில் இரத்தத்தில் எவ்வளவு குறைந்த அளவு மது இருப்பினும் குற்றம் என்றது. 1994ஆம் ஆண்டின் திருத்தம் 100 மி.லி. இரத்தத்தில் 30 மி.கி. என்ற வரம்பை விதித்து, அதை மூச்சுப் பகுப்பாய்வுக் கருவியின் சோதனையோடு இணைத்தது. 2019ஆம் ஆண்டின் திருத்தம் ஆய்வகச் சோதனை உள்ளிட்ட பிற சோதனைகளையும் சேர்த்தது. முதல் குற்றத்துக்கு ஆறு மாதம் வரை சிறை அல்லது 10,000 ரூபாய் அபராதம் அல்லது இரண்டும் எனத் தண்டனை கூடியது. மறுமுறைக்கு இரண்டாண்டு வரை சிறை அல்லது 15,000 ரூபாய் அபராதம் அல்லது இரண்டும் விதிக்கப்படலாம்.

குற்றம் எண்ணால் வரையறுக்கப்படும்போது, எண் உருவான முறையே வழக்கின் மையமாகிறது. மூச்சுக் கருவி இரத்தத்தை அளப்பதில்லை. நுரையீரலின் ஆழத்திலிருந்து வரும் காற்றில் உள்ள மதுவை அளந்து, அதை 2100 மடங்கு எனக் கொண்டு இரத்த அளவைக் கணிக்கிறது. இவ்விகிதம் எல்லா உடல்களுக்கும் எல்லா நேரத்துக்கும் ஒன்றன்று. ஒருவருடைய உண்மை விகிதம் 1800 எனில், கருவி 35 மி.கி. காட்டும்போது அவருடைய இரத்தத்தில் இருப்பது 30 மி.கி. மட்டுமே. விகிதம் 2300 எனில், கருவி 30 காட்டும்போது உண்மை அளவு ஏறத்தாழ 33 ஆகும். ஆகவே கருவியின் பிழை எப்போதும் ஓட்டுநருக்கு எதிரானதே என்ற வாதம் நிலைக்காது. வரம்பை ஒட்டிய அளவுகளில் மட்டுமே இவ்வாதத்துக்கு வலு உண்டு. 150 அல்லது 200 காட்டும் வழக்கில் அது உதவாது.

வாயில் தங்கிய மது மற்றொரு சிக்கல். சற்று முன் அருந்தியவரின் வாயிலோ, ஏப்பத்தாலோ வாந்தியாலோ வாய்க்கு வந்த மதுவோ அளவைப் பொய்யாக உயர்த்தும். அதனால்தான் சோதனைக்கு முன் ஏறத்தாழ 15 நிமிடம் காத்திருப்பது நன்னடைமுறையாகக் கொள்ளப்படுகிறது. முந்தைய நபரின் மூச்சு கருவியில் தங்கியிருக்கவில்லை என்பதை வெற்றுக் காற்றுச் சோதனை காட்ட வேண்டும். அச்சோதனையில் சுழி காட்டாத கருவியின் அளவை ஏற்க இயலாது எனக் கேரள உயர்நீதிமன்றம் அண்மையில் கருத்துத் தெரிவித்துள்ளது.

இங்கே புதுச்சேரி ஒன்றியப் பகுதியின் தனித்தன்மை வெளிப்படுகிறது. கேரளத்தால் சூழப்பட்ட மாஹே, சென்னை உயர்நீதிமன்றத்தின் வரம்புக்கு உட்பட்டது. மாஹே எல்லையில் சில அடித் தொலைவு இடைவெளியில் நிறுத்தப்படும் இருவருள் ஒருவருக்குக் கேரள உயர்நீதிமன்றத் தீர்ப்பு கட்டுப்படுத்தும் முன்னுதாரணம். மற்றவருக்கு அது வழிகாட்டும் கருத்து மட்டுமே. பிரெஞ்சுக் கால எல்லை இன்றும் சான்றின் எடையில் தன் தடத்தைப் பதிக்கிறது.

நடைமுறைப் பிரிவுகளும் எதிர்வாதமும்

சட்டத்தின் 202 முதல் 205 வரையிலான பிரிவுகளை ஒன்றாக வைத்து வாசிக்கும்போது அவற்றின் நோக்கம் புலப்படும். 203ஆம் பிரிவின்படி மூச்சுச் சோதனையைக் கேட்பவர் சீருடை அணிந்த காவல் அலுவலராகவோ அதிகாரம் பெற்ற மோட்டார் வாகனத் துறை அலுவலராகவோ இருக்க வேண்டும். ஐயம் கொள்வதற்கு நியாயமான காரணமும் வேண்டும். கருவி ஒன்றிய அரசு ஒப்புதல் அளித்த வகையைச் சார்ந்திருக்க வேண்டும். கைதானவருக்குக் காவல் நிலையத்திலும் மூச்சுச் சோதனைக்கான வாய்ப்பு தரப்பட வேண்டும். 204ஆம் பிரிவு, பதிவுபெற்ற மருத்துவரிடம் இரத்த மாதிரி தருவதைப் பற்றியது. 202ஆம் பிரிவின்படி கைதான இரண்டு மணி நேரத்துக்குள் மருத்துவச் சோதனை நடக்க வேண்டும். இல்லையேல் கைதானவர் விடுவிக்கப்பட வேண்டும்.

இக்கால வரம்புக்கு உடலியல் அடிப்படை உண்டு. உடல் மணிக்கு ஏறத்தாழ 15 மி.கி. என்ற சராசரி வீதத்தில் மதுவை வெளியேற்றுகிறது. இரண்டு மணி நேரத்துக்குப் பின் 20 மி.கி. காட்டுபவர், ஓட்டிய வேளையில் 50 மி.கி. அளவில் இருந்திருக்கலாம். அதே வேளையில், வண்டியில் ஏறுவதற்குச் சற்று முன் அருந்தியவருக்கு அளவு பின்னரே உச்சத்தை எட்டும். அவர் ஓட்டியபோது வரம்புக்குக் கீழே இருந்திருக்கவும் கூடும். காலம் கடந்த சோதனை இருதரப்புக்கும் ஊகத்தையே தருகிறது.

சோதனைக்கு மறுப்பது பாதுகாப்பு என்ற மக்கள் நம்பிக்கையும் பிழையானது. நியாயமான காரணமின்றி மறுத்தால் அது அரசுத் தரப்புச் சான்றுக்கு வலுச்சேர்க்கும் சூழ்நிலையாகக் கொள்ளப்படலாம் என்கிறது 205ஆம் பிரிவு. தனக்கு எதிராகத் தானே சான்று தருமாறு கட்டாயப்படுத்தப்படாமைக்கு அரசமைப்பின் 20(3)ஆம் பிரிவு உறுதியளிக்கிறது. எனினும் 1961இன் காத்தி காலு ஓகட் தீர்ப்பு, சொல்லால் தரும் சான்றையும் உடலிலிருந்து பெறப்படும் தடயத்தையும் வேறுபடுத்தியது. 2010இன் செல்வி எதிர் கர்நாடக மாநிலம் தீர்ப்பும் அவ்வேறுபாட்டைத் தொடர்ந்தது.

எதிர்வாதத்தின் வெற்றி ஒரு நீதிமன்றத்தோடு முடிவதும் இல்லை. 2021இல் இஃப்கோ டோக்கியோ எதிர் பேர்ல் பெவரேஜஸ் வழக்கில், மூச்சுச் சோதனையோ இரத்தச் சோதனையோ இல்லாத நிலையிலும், காப்பீட்டு ஒப்பந்தத்தின் நோக்கில் ஓட்டுநர் போதையில் இருந்ததைப் பிற சூழ்நிலைகளால் காட்டலாம் என உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. குற்ற வழக்கில் போதாத நெடி, காப்பீட்டு வழக்கில் போதுமானதாகலாம். பச்சுபாய் வழக்கையும் இதையும் முரண்பட்டவையாகக் கருத வேண்டியதில்லை. மெய்ப்பிக்கும் தரம் இரண்டிலும் வேறு.

சந்தையும் சாலையும்

சான்றுச் சட்டத்தை மட்டும் நோக்கினால் பொறுப்பு முழுவதும் ஓட்டுநர் மீதே விழும். மது கிடைக்கும் இடமும் இக்குற்றத்தின் ஒரு கூறு என்பதைத் தமிழ்நாடு எதிர் கே. பாலு வழக்கு உணர்த்தியது. 2016 டிசம்பர் 15ஆம் நாள் உச்ச நீதிமன்றம் நெடுஞ்சாலைகளிலிருந்து 500 மீட்டருக்குள் மது விற்பனைக்குத் தடை விதித்தது. 20,000க்கு மிகாத மக்கள்தொகை கொண்ட ஊர்களுக்கு அத்தொலைவு பின்னர் 220 மீட்டராகக் குறைக்கப்பட்டது. 2017 ஜூலையில் நகராட்சி எல்லைக்குள் இருக்கும் கடைகளை அத்தடை கட்டுப்படுத்தாது எனத் தெளிவுபடுத்தப்பட்டது. நகரப் பரப்பு மிகுந்த புதுச்சேரிக்கு இத்தெளிவுரை பெரும் தளர்வாக அமைந்தது. விற்பனையின் மீதான கட்டுப்பாடு தளரும் இடத்தில் சாலைச் சோதனையின் சுமை கூடுகிறது. சுமை கூடும்போது நடைமுறை சுருங்கும் இடர் எழுகிறது.

அச்சுருக்கத்தின் விளைவு எல்லோருக்கும் ஒன்றாக அமைவதில்லை. வசதியுள்ளவர் வழக்கறிஞரை அமர்த்திக் கருவியின் அளவுத்திருத்தச் சான்றையும் குப்பியின் பதிவேட்டையும் கேட்பார். வாடகை வண்டி ஓட்டுநருக்கோ கூலித் தொழிலாளிக்கோ குற்றத்தை ஒப்புக்கொண்டு அபராதம் கட்டுவதே எளிய வழியாகத் தோன்றும். உரிமத் தகுதியிழப்பு என்னும் பின்விளைவு அவ்வேளையில் அவர் கண்ணுக்குப் படுவதில்லை. அரசமைப்பின் 39ஏ பிரிவும் 1987இன் சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டமும் உறுதியளிக்கும் இலவசச் சட்ட உதவி, காவலில் உள்ள எவருக்கும் உரியது. இவ்வகை வழக்குகளில் அது எட்ட வேண்டிய தருணம் விசாரணை நாளன்று, கைதான இரவு.

முடிவுரை

புதுச்சேரியின் சட்ட வரலாற்றில் போதை மூன்று முறை வடிவம் மாறியிருக்கிறது. பிரெஞ்சுக் காலத்தில் அது அலுவலர் கண்ட காட்சி. இந்தியச் சட்டம் வந்தபின் மருத்துவர் குறித்த அடையாளம். 1994க்குப் பின் கருவி காட்டும் எண். ஒவ்வொரு மாற்றமும் முந்தையதன் குறையை நீக்க முயன்று, தனக்கே உரிய ஐயங்களையும் கொண்டுவந்தது. கண் தவறலாம் என்பதால் மருத்துவரும், மருத்துவரின் கூர்நோக்கு போதாது என்பதால் குப்பியும், குப்பி காலம் தாழ்த்துவதால் கருவியும் வந்தன. கருவியும் பேணப்பட வேண்டிய பொருளே.

நடைமுறைக் குறையால் கிடைக்கும் விடுதலை, விபத்தில் உறவினரை இழந்த குடும்பத்துக்கு அநீதியாகத் தோன்றுவது இயல்பு. அவ்விடுதலைக்குக் காரணம் எதிர்வாதம் அன்று, பின்பற்றப்படாத நடைமுறை. வெற்றுக் காற்றுச் சோதனைக்கு ஆகும் நேரம் சிறிது. குப்பியில் முத்திரையிட்டுக் குளிர்பதனத்தில் வைப்பதற்கு ஆகும் செலவும் சிறிது. இவை ஒழுங்காக நடந்த வழக்கில் குற்றவாளிக்குத் தப்பும் வழி குறையும், குற்றமற்றவருக்கு அஞ்சும் காரணமும் குறையும். சாலையில் நடப்பவரின் உயிரும் சாலையில் நிறுத்தப்பட்டவரின் உரிமையும் ஒரே நடைமுறையின் இரு பயன்கள் என்பதே இவ்வாய்வின் வழி பெறப்படும் முடிபு.